புசல்லாவைப் பீலியும் பச்சைத் தண்ணீரும்

கம்பளையிலிருந்து நுவரெலியாவுக்கு ஏறும் வீதியில் பயணம் செய்து வளர்ந்தவர்களுக்குப் பீலி என்ற சொல்லை விளக்க வேண்டியதில்லை. ஏனைய வாசகர்களுக்காக ஒரு வரி. மலைச்சரிவில் ஊறிவரும் நீரை மூங்கிலாலோ தகரத்தாலோ குழாயாலோ ஏந்தி ஓரிடத்தில் விழச் செய்திருப்பார்கள், அதுதான் பீலி. தோட்டத்து மக்கள் குடிப்பதும் குளிப்பதும் துணி துவைப்பதும் அதில்தான். அந்தக் காலத்து பஸ் வண்டிகளும் தமது தாகத்தை அதில்தான் தீர்த்துக்கொண்டன.

எழுபதுகளின் முற்பகுதியில், பாடசாலை விடுமுறைகளில் நான் கண்ட காட்சி இது. கம்பளையை விட்டுக் கிளம்பும்போது பஸ் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,500 அடி உயரத்தில் நிற்கிறது. புசல்லாவையை அடையும்போது 3,000 அடி. இறம்பொடையின் கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து நுவரெலியாவில் மூச்சு விடும்போது 6,100 அடியைத் தாண்டிவிடுகிறது. இருக்கைகள் நிரம்பி, படிக்கட்டும் நிரம்பி, கூரையில் மரக்கறிக் கூடைகளும் அரிசி மூட்டைகளும் ஏறிய பஸ், இரண்டாம் கியரில் முனகிக்கொண்டு ஏறும். வேகம் குறைவு; ஆகவே ரேடியேட்டருக்குள் புகும் காற்றும் குறைவு. சுமையோ உச்சம். புசல்லாவைக்கு அப்பால் ஏதாவதொரு வளைவில் எஞ்சின் மூடியின் இடுக்குகளிலிருந்து வெண்ணிற ஆவி கிளம்பும். சாரதி பஸ்ஸை ஓரங்கட்டுவார். தற்செயலாக அல்ல, எப்போதும் ஒரு பீலிக்கு அருகில்தான்.

நாங்கள் இறங்கி நிற்போம். அவசரக்காரர்கள் எவராவது "அண்ணே, சட்டுனு தண்ணிய ஊத்தி எடுங்க" என்பார்கள். சாரதி அசைய மாட்டார். "மொதல்ல அவன் கோபம் ஆறட்டும்" என்பார். அவன் என்றால் எஞ்சின். அரை மணி நேரம் கழிந்த பின்னரே நனைந்த சாக்குத் துண்டொன்றை ரேடியேட்டர் மூடியின்மேல் போட்டு, முகத்தை மறுபுறம் திருப்பிக்கொண்டு, கால் சுற்று மட்டும் திருகுவார். சீறல் ஓயும்வரை காத்திருந்து மீதியைத் திறப்பார். பிறகு கொண்டக்டர் தகர வாளியில் பீலித் தண்ணீரைக் கொண்டுவர, எஞ்சினை இயங்கவிட்டுக்கொண்டு, சிறிது சிறிதாக ஊற்றுவார்கள். எந்தப் புத்தகத்தையும் வாசித்திராத அந்த மனிதர் செய்ததெல்லாம் விஞ்ஞானம் ஒப்புக்கொள்ளும் காரியங்கள் என்பதைப் பல ஆண்டுகளுக்குப் பின்னரே அறிந்துகொண்டேன்.

எல்லோருக்கும் அந்தப் பொறுமை வாய்ப்பதில்லை. எண்பதுகளில் நான் இளம் செய்தியாளனாக இருந்தபோது, அதே வீதியில் வான் ஒன்றின் உதவியாளரான இளைஞன் ஒருவன் கொதித்துக்கொண்டிருந்த ரேடியேட்டரின் மூடியை வெறுங்கையால் திறந்துவிட்டான். கையும் கழுத்தும் வெந்து, வாழைக்குருத்தில் படுக்கவைத்து அவனை எடுத்துச் சென்றார்கள். அன்றிரவு நான் தொலைபேசியில் அலுவலகத்துக்குச் சொன்ன செய்தி நான்கு வரி. கொதிநீர் பட்டு இளைஞன் படுகாயம் என்பது தலைப்பு. எங்கே, எப்போது, எவருக்கு என்பதெல்லாம் அதில் இருந்தன. ஏன் என்பது இல்லை. பத்திரிகைத் தொழிலில் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் கழித்த பிறகு, விட்டுப்போன அந்த "ஏன்" என்ற கேள்விக்கு விடை எழுத உட்கார்ந்திருக்கிறேன். அதற்கு வேறொரு காரணமும் உண்டு. அதைப் பின்னர் சொல்கிறேன்.

திறந்த பாத்திரத்தில் தண்ணீர் கடல் மட்டத்தில் 100 பாகை செல்சியஸில் கொதிக்கிறது. உயரம் ஏற ஏற வளியமுக்கம் குறைவதால், ஏறத்தாழ ஒவ்வொரு 300 மீற்றருக்கும் ஒரு பாகை வீதம் கொதிநிலை இறங்குகிறது. புசல்லாவையில் 97 பாகை போதும்; நுவரெலியாவில் 94 பாகையிலேயே தண்ணீர் கொதித்துவிடும். மலைநாட்டில் பருப்பு வேகத் தாமதமாவதன் இரகசியம் இதுதான். வாகன எஞ்சினோ சாதாரணமாகவே 80 முதல் 100 பாகை வரையிலான வெப்பத்தில் இயங்குவது. ஆகவே மூடி பழுதடைந்து அமுக்கத்தைப் பிடித்து வைக்க இயலாத ரேடியேட்டரில் வெறும் தண்ணீரை ஊற்றிக்கொண்டு இறம்பொடை ஏறுவது, அடுப்பில் கேத்தலை வைத்துவிட்டுக் கொதிக்காதே என்று கேட்டுக்கொள்வதற்கு ஒப்பாகும்.

இதைத் தடுக்கவே அந்த மூடி. அது வெறும் மூடியல்ல. ஒரு அமுக்க வால்வு. பெரும்பாலான வாகனங்களில் அது சதுர அங்குலத்துக்கு 13 முதல் 16 இறாத்தல் வரையிலான மேலதிக அமுக்கத்தை உள்ளே பிடித்து வைக்கிறது. அதனால் உள்ளேயிருக்கும் நீர் ஏறத்தாழ 120 பாகை வரையில்கூடக் கொதிக்காமல் நிற்கும். அந்த நிலையில் மூடியைத் திறந்தால் என்னாகும்? அமுக்கம் ஒரு கணத்தில் விலக, கொதிநிலையைக் கடந்து நிற்கும் நீரின் ஒரு பகுதி அந்தக் கணமே ஆவியாகிறது. ஒரு லீற்றர் நீர் ஆவியாகும்போது ஆயிரத்து அறுநூறு மடங்குக்கு மேல் பெருக்கிறது. மீதி நீரையும் அது அள்ளிக்கொண்டு முகத்தில் அடிக்கிறது. அந்த இளைஞனின் கழுத்தில் பட்டது இதுதான்.

இனி, தண்ணீருக்குப் பதிலாக இன்று நாம் ஊற்றும் அந்த நிறத் திரவத்துக்கு வருவோம். நம்மவர்கள் கூலன்ட் என்கிறார்கள். குளிர் நாடுகளில் அதன் பெயர் அன்டிஃப்ரீஸ், அதாவது உறைதடுப்பான். உறைபனி என்றால் ஜனவரி, பெப்ரவரி விடியற்காலைகளில் நுவரெலியாப் புற்றரைகளில் வெண்மையாகப் படிந்து, வெயில் ஏறக் கரைந்துவிடும் ஒன்று மட்டுமே என்று அறிந்த நமக்கு உறைதடுப்பான் எதற்கு என்று கேட்கலாம். நானும் கேட்டவன்தான். பெயரே நம்மை ஏமாற்றிவிட்டது என்று இப்போது நினைக்கிறேன்.

அதன் முக்கிய மூலப்பொருள் எத்திலீன் கிளைக்கோல். பிரெஞ்சு இரசாயனவியலாளர் சார்ள்ஸ் அடோல்ஃப் வூர்ட்ஸ் 1850களில் இதனை முதன்முதலாகத் தயாரித்தார். வாகனங்களுக்கான உறைதடுப்பானாக இது சந்தைக்கு வந்தது 1920களில். இரண்டாம் உலகப் போரில் ஸ்பிற்ஃபயர், ஹரிக்கேன் விமானங்களின் எஞ்சின்களைக் குளிர்வித்ததும் கிளைக்கோல் கலவைதான். 1942 ஏப்ரல் 5ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் கொழும்பைத் தாக்கியபோது இரத்மலானையிலிருந்து எழுந்து சென்ற ஹரிக்கேன்களிலும் அது இருந்தது. இலங்கைக்கு இந்தத் திரவம் புதிதல்ல.

நீரும் கிளைக்கோலும் சரிபாதியாகக் கலக்கும்போது ஒரு விசித்திரம் நிகழ்கிறது. தூய நீர் 0 பாகையில் உறைகிறது. தூய எத்திலீன் கிளைக்கோல் ஏறத்தாழ மறை 13 பாகையில் உறைகிறது. இரண்டும் சேர்ந்த கலவையோ மறை 35 பாகைக்குக் கீழே சென்றாலும் உறைவதில்லை. தனித்தனியே தாங்காத குளிரைக் கூட்டாகத் தாங்குகின்றன. ஆனால் நமக்கு வேண்டியது மறுமுனை. அதே கலவை கொதிநிலையையும் ஏழெட்டுப் பாகை உயர்த்துகிறது. நல்ல மூடியும் சேர்ந்துவிட்டால் ஏறத்தாழ 129 பாகை வரை தாக்குப்பிடிக்கும். அதைவிட முக்கியமானது, அதில் சேர்க்கப்பட்டிருக்கும் துருத்தடுப்புப் பொருள்கள். எஞ்சினுக்குள் இரும்பு, அலுமினியம், செம்பு, ரப்பர் எல்லாம் ஒரே நீரில் நனைந்து கிடக்கின்றன. வெறும் தண்ணீர் அவற்றை மெல்ல மெல்ல அரிக்கும். நாம் மகிழ்ந்து குடிக்கும் பீலித் தண்ணீரிலுள்ள கனிமங்கள் ரேடியேட்டரின் நுண்குழாய்களில் கேத்தலின் அடியில் படிவதுபோலப் படியும். பீலி நீர் ஆபத்துக்கு உதவும், அன்றாடத்துக்கு உதவாது.

இவ்வளவும் அறிந்துகொள்ள நேர்ந்தது எனது சொந்தத் தவறொன்றினால். முன்னர் சொல்வதாகக் குறிப்பிட்ட காரணம் அதுதான்.

ஓய்வுபெற்ற பின் நான் புசல்லாவையில் குடியேறினேன். ஜப்பானிலிருந்து பாவித்த நிலையில் வந்த சிறிய வான் ஒன்று என்னிடம் இருந்தது. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டு, 2025 பெப்ரவரியில்தான் தனியார் வாகனங்களுக்கு அந்தத் தடை நீக்கப்பட்டது என்பது இலங்கை வாசகர்களுக்கு நினைவிருக்கும். இடைப்பட்ட ஐந்து ஆண்டுகளில் இருந்த வண்டியைக் காப்பாற்றிக்கொள்வதே நம் எல்லோருக்கும் பெரும் பாடாயிற்று. 2022இல் எரிபொருள் வரிசைகளின் காலத்தில் எனது வான் மாதக்கணக்கில் அசையாமல் நின்றது. 2023 சித்திரை விடுமுறையில் அதை மீண்டும் ஓடவைக்க முனைந்தேன். கராஜுக்குக் கொடுக்கும் காசை மிச்சம் பிடிக்கலாம் என்ற எண்ணம் வேறு. கூலன்ட் மாற்றுவதென்ன பெரிய வித்தையா? ரேடியேட்டரின் அடியிலுள்ள திருகைத் திறந்துவிட்டேன். வெளிறிய பச்சை நிறத்தில் வழிந்த திரவத்தை ஒரு பழைய பேசினில் பிடித்தேன். பின்பு எவ்வித யோசனையுமின்றி வீட்டின் பின்னால் ஓடும் கானில் கவிழ்த்தேன். கான் என்பது தோட்டத்துத் தமிழில் வடிகால். பேசினின் அடியில் கொஞ்சம் மீதமிருந்தது. அதை அப்படியே கான் ஓரத்தில் வைத்துவிட்டு மதிய உணவுக்கு உள்ளே போய்விட்டேன்.

அடுத்த வீட்டில் தோட்டத்தில் கொழுந்தெடுத்து ஓய்வுபெற்ற மூதாட்டி ஒருவர் தனியே வசித்தார். அவருக்குத் துணை ஒரு நாய். மண்ணிறம், நடுத்தர உருவம். ஜிம்மி என்று பெயர். எங்கள் வாசலுக்கும் அதுவே காவல். மாலையில் அது தள்ளாடித் தள்ளாடி நடந்தது. கள்ளைக் குடித்துவிட்டதா என்று சிறுவர்கள் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். இரவு வாந்தி எடுத்தது. மறுநாள் காலை சற்றுத் தேறியதுபோல் தோன்றியது. தண்ணீரைத் திரும்பத் திரும்பக் குடித்தது. மூன்றாம் நாள் எழும்பவில்லை. மிருக வைத்தியரிடம் கொண்டுபோனபோது அவர் அதன் வயிற்றை அழுத்திப் பார்த்துவிட்டு, சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது என்றார். அயலில் எவராவது வாகனத்தின் கூலன்டை வெளியில் விட்டார்களா என்று கேட்டார். நான் பதில் சொல்லவில்லை.

அன்று பிற்பகல் ஜிம்மி இறந்தது. "யாரோ பாவிங்க வெசம் வச்சிட்டாங்க ஐயா" என்று அந்த அம்மா அழுதார். வேலியோரத்தில் குழி தோண்டியவன் நான்தான். மண்ணைத் தள்ளி மூடியபோதும் நான் வாய் திறக்கவில்லை.

பேசின் காலியாக இருந்ததை முதல்நாள் மாலையே கண்டிருந்தேன். வெயிலில் காய்ந்திருக்கும் என்று என்னை நானே சமாதானப்படுத்திக்கொண்டிருந்தேன். பிறர் மறைத்தவற்றை வெளிக்கொணர்வதைத் தொழிலாகக் கொண்டிருந்தவன், தனது முற்றத்தில் நடந்ததை ஐந்து நாட்கள் மறைத்தான். ஆறாம் நாள் போய்ச் சொன்னேன். அவர் நெடுநேரம் பேசவில்லை. ஏசியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். கடைசியில் கேட்டார்: "அந்தக் கானு கீழ எங்க போகுதுன்னு ஐயாவுக்குத் தெரியுமா?"

எனக்குத் தெரியவில்லை. எட்டு ஆண்டுகள் குடியிருந்தும் தெரியவில்லை. "லயத்துப் புள்ளைங்க குளிக்கிற பீலிக்கு மேலால போய் ஓடையில விழுது" என்றார்.

நாய்க்கு ஏன் அது பிடித்தது? எத்திலீன் கிளைக்கோல் இனிக்கும். சர்க்கரைப் பாகுபோன்ற அந்த இனிப்புத்தான் அதன் கொடுமை. வயிற்றில் இறங்கியதும் மதுவைப்போல மயக்கம் தருகிறது. தள்ளாட்டமும் குழறலும் வாந்தியும் சில மணி நேரத்தில் குறைவதுபோலத் தோன்றும். அதற்குள் ஈரல் அதனை அமிலங்களாக மாற்றிக்கொண்டிருக்கும். கடைசியில் உருவாகும் ஒக்சாலிக் அமிலம் இரத்தத்திலுள்ள கல்சியத்துடன் சேர்ந்து ஊசிபோன்ற பளிங்குகளாகச் சிறுநீரகத்தில் படிகிறது. இரண்டு மூன்று நாட்களுக்குள் சிறுநீரகம் நின்றுவிடுகிறது. கலப்பில்லாத திரவமாயின் ஒரு பூனைக்கு ஒரு தேக்கரண்டி போதும். வளர்ந்த மனிதருக்கு ஏறத்தாழ 100 மில்லிலீற்றர் உயிராபத்து. குழந்தைக்கு அதைவிட மிகக் குறைவு.

காலம் தாழ்த்தாவிட்டால் மருந்து உண்டு. ஈரல் அந்த நச்சு அமிலங்களை உற்பத்தி செய்வதைத் தடுக்கும் ஃபோமெபிசோல் என்ற மருந்தோ, மருத்துவர் அளந்து கொடுக்கும் எதனோலோ, தேவையாயின் இரத்தச் சுத்திகரிப்போ உயிரைக் காக்கும். ஆனால் அறிகுறி தணிந்துவிட்டதே என்று வீட்டில் வைத்துக்கொள்வது மரணத்துக்கு நேரம் கொடுப்பதாகும். வாந்தி எடுக்கவைக்க முயலாமல், வாயில் எதையும் ஊற்றாமல், அந்தப் போத்தலையும் கையோடு எடுத்துக்கொண்டு வைத்தியசாலைக்கு ஓடவேண்டும். இலங்கையில் 1990 என்ற இலக்கத்தை அழைத்தால் இலவச அம்புலன்ஸ் வரும். புசல்லாவை போன்ற இடத்திலிருந்து கண்டிக்குச் செல்லவே ஒரு மணி நேரத்துக்கு மேலாகும் என்பதால், அறிகுறிக்காகக் காத்திருக்க நமக்கு அவகாசமில்லை.

இந்த இனிப்பின் குடும்பத்தில் இன்னொரு உடன்பிறப்பும் உண்டு. டைஎத்திலீன் கிளைக்கோல் என்பது அதன் பெயர். அதுவும் இனிக்கும்; அதுவும் சிறுநீரகத்தைக் கொல்லும். 1937இல் அமெரிக்காவில் மருந்துப் பாணியொன்றில் அதைக் கரைப்பானாகக் கலந்ததில் நூற்றுக்கு மேற்பட்டோர் இறந்தனர். 1986இல் மும்பையின் ஜே. ஜே. மருத்துவமனையில் அது கலந்த கிளிசரினால் 14 நோயாளிகள் மாண்டனர். 1998இல் டில்லியை அடுத்த குர்கானில் முப்பதுக்கு மேற்பட்ட குழந்தைகள். 2022இல் காம்பியாவில் ஏறத்தாழ எழுபது குழந்தைகள். 2025இல் மத்தியப் பிரதேசத்தில் இருபதுக்கு மேற்பட்ட குழந்தைகள். கடைசியாகச் சொன்ன இருமல் மருந்து தயாரானது நமது தமிழகத்தின் காஞ்சிபுரம் மாவட்டத்தில். அவை வாகனத்திலிருந்து சிந்திய திரவத்தால் நேர்ந்தவையல்ல. மருந்துத் தயாரிப்பில் நிகழ்ந்த குற்றங்கள். ஆயினும் குழந்தையின் நாக்கு எதை நம்புகிறது என்பதை அவை சொல்கின்றன. இதனால்தான் அமெரிக்காவில் ஓரிகன், கலிபோர்னியா போன்ற மாநிலங்கள் உறைதடுப்பானில் கடுங்கசப்புப் பொருளொன்றைச் சேர்க்கவேண்டுமெனச் சட்டமியற்றின. 2012இன் இறுதியில் அந்நாட்டு உற்பத்தியாளர்கள் எல்லா மாநிலங்களிலும் விற்கும் உறைதடுப்பானில் தாமாகவே கசப்பைச் சேர்க்க இணங்கினர். நச்சுத்தன்மை மிகக் குறைந்த புரொப்பிலீன் கிளைக்கோலைக் கொண்டு தயாரித்த திரவங்களும் உண்டு. விலை சற்றுக் கூடுதல்.

சரி, கானில் ஊற்றியது எங்கே போயிற்று? மூதாட்டியின் கேள்வி என்னை விடவில்லை. ஒருநாள் கைத்தடியுடன் கானைத் தொடர்ந்து கீழே நடந்தேன். லயத்துப் பீலிக்கு மேற்புறத்தால் சென்று ஓடையில் விழுந்தது. ஓடை இன்னொரு பெரிய ஓடையில் விழுந்தது. அதற்குமேல் எனது கால்கள் இடம் தரவில்லை. மீதியை வரைபடத்தில் நடந்தேன். எங்கள் மலையின் நீரெல்லாம் எப்படிச் சுற்றினாலும் மகாவலியைத்தான் சேரவேண்டும். அந்த மகாவலி கம்பளை, பேராதனை வழியாகக் கண்டியைச் சுற்றிப் பாய்கிறது. கண்டி நகரத்தின் குடிநீர் அதிலிருந்து எடுக்கப்படுகிறது. பொல்கொல்லையில் ஒரு பகுதி சுரங்கத்தின் வழியே வடக்கே வறண்ட வலயத்தின் வயல்களுக்குத் திரும்புகிறது. எஞ்சியது 335 கிலோமீற்றர் ஓடி முடித்துத் திருகோணமலையின் கொட்டியாறுக் குடாவில் கலக்கிறது. நாம் மலையின் தலையில் இருக்கிறோம். மேலே ஊற்றுபவனுக்கு அது கண்ணில் படாமல் போய்விடுகிறது, அவ்வளவுதான்.

நியாயமாகச் சொல்லவேண்டும். எத்திலீன் கிளைக்கோல் என்றென்றும் நீரில் நிலைப்பதல்ல. மண்ணிலும் நீரிலும் வாழும் நுண்ணுயிர்கள் சில நாட்களிலிருந்து சில வாரங்களுக்குள் அதனைச் சிதைத்துவிடும். ஆனால் அவை அதனை உண்ணும்போது நீரில் கரைந்துள்ள ஒட்சிசனையும் உண்டுவிடுகின்றன. சிறு ஓடையில் அவ்விதம் ஒட்சிசன் குறைந்தால் மீனுக்கும் தவளைக்கும் மூச்சில்லை. இன்னொன்று, ரேடியேட்டரிலிருந்து வெளிவருவது புதுத் திரவமல்ல. ஆண்டுக்கணக்காக எஞ்சினுக்குள் சுற்றிச்சுற்றிச் செம்பையும் நாகத்தையும், பழைய ரேடியேட்டர்களின் பற்றாசிலிருந்து ஈயத்தையும் அது சுமந்திருக்கும். கிளைக்கோலை நுண்ணுயிர் தின்னும். ஈயத்தைத் தின்ன எதுவுமில்லை. எனது வானில் இருந்தது ஏறத்தாழ ஆறு லீற்றர். நூறு வீடுகளில் நூறு பேர் என்னைப்போலச் செய்தால் அறுநூறு லீற்றர். பஸ், லொறிகளுக்கு இன்னும் பல மடங்கு.

அதன்பின் கம்பளையில் அனுபவமுள்ள மெக்கானிக் ஒருவரிடம் போய், பத்திரிகைக்காரனின் பழக்கத்தில் குறிப்புப் புத்தகத்தைத் திறந்துவைத்துக்கொண்டு கேட்டேன். "ஐயா, ரேடியேட்டர்ல பச்சைத் தண்ணி ஊத்தாதீங்கன்னு சொன்னா, பச்சைக் கலர் கூலன்ட ஊத்தாதீங்கன்னு நினைக்கிறவங்களும் இருக்காங்க" என்று சிரித்தார் அவர். நம் பேச்சில் பச்சைத் தண்ணீர் என்றால் வெறுந்தண்ணீர் அல்லவா! நிறத்தை வைத்துக் கூலன்டின் தரத்தை எடைபோடக்கூடாது என்பதையும் அவர்தான் சொன்னார். பச்சை, சிவப்பு, இளஞ்சிவப்பு, நீலம் என்பவை உற்பத்தியாளர்கள் சேர்க்கும் சாயம் மாத்திரமே. எல்லோருக்கும் பொதுவான விதி கிடையாது. வெவ்வேறு இனத் துருத்தடுப்புப் பொருள்கள் கலந்தால் ஒன்றையொன்று பயனற்றதாக்கும்; சில வேளைகளில் கூழாகித் திரண்டு குழாயை அடைக்கும். வாகனக் கைநூல் சொல்லும் வகையையே ஊற்றவேண்டும். பழைய பச்சை வகைகளின் ஆயுள் பொதுவாக இரண்டு ஆண்டு, புதிய நீடித்த வகைகளுக்கு ஐந்து ஆண்டு அல்லது அதற்கு மேல். தாமே கலப்பதாயின் வடித்த நீருடன் சரிபாதி. கூடுதல் கிளைக்கோல் கூடுதல் நன்மை என்று எண்ணிக் கலக்காமல் ஊற்றுவதும் தவறு. நீரைவிடக் கிளைக்கோல் வெப்பத்தைக் குறைவாகவே சுமக்கும். ஹைபிரிட் வாகனங்களில் எஞ்சினுக்கு ஒன்றும் மின்மாற்றிப் பகுதிக்கு ஒன்றுமாக இரண்டு கூலன்ட் தாங்கிகள் இருப்பது வழக்கம், இரண்டையும் பார்க்கவேண்டும். மட்டத்தைப் பார்ப்பது விடியற்காலையில், எஞ்சின் முற்றாகக் குளிர்ந்திருக்கும்போது, வெளியிலுள்ள தாங்கியின் இரு கோடுகளுக்கிடையில். அடிக்கடி குறைந்தால் எங்கோ கசிகிறது என்று பொருள். ஊற்றிக்கொண்டே போவது பரிகாரமல்ல.

ஏற்றத்தில் வெப்பமுள் சிவப்பை நோக்கி நகர்ந்தால் குளிரூட்டியை நிறுத்தி, ஹீட்டர் இருந்தால் அதை முழு அளவில் திறந்துவிட்டு, பாதுகாப்பான இடத்தில் ஓரங்கட்டி, எஞ்சினை நிறுத்தவேண்டும். குறைந்தது அரை மணி நேரம் மூடியைத் தொடக்கூடாது. சூடான எஞ்சினில் குளிர்நீரை ஒரேயடியாக ஊற்றினால் இரும்பும் வெடிக்கும். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் சாக்குத் துண்டும் வாளியுமாக நின்ற அந்தச் சாரதியின் பாடத்தோடு நான் சேர்க்கக்கூடியது இவ்வளவே. அவர் பயணிகளைக் காப்பாற்றினார். அவர் ஊற்றியது வெறும் தண்ணீர் என்பதால் நிலத்துக்கும் அதிகக் கேடில்லை. நான் அவரைவிட நல்ல திரவத்தை ஊற்றி, அவரைவிடப் பெரிய கேட்டைச் செய்தேன்.

பழைய கூலன்டை என்ன செய்வது? சிந்தாமல் பிடித்து, இறுக மூடக்கூடிய கொள்கலனில் அடைத்து, மேலே பெரிய எழுத்தில் நஞ்சு என்று எழுதி, கழிவெண்ணெயுடன் கலக்காமல், அதை ஏற்கும் வாகனச் சேவை நிலையத்தில் ஒப்படைக்கவேண்டும். குளிர்பானப் போத்தலில் மட்டும் ஒருபோதும் நிரப்பாதீர்கள். இலங்கையில் வாகனச் சேவை நிலையங்கள் சுற்றாடல் பாதுகாப்பு அனுமதிப்பத்திரத்துடன் இயங்கவேண்டும் என்பது சட்டம். இந்தக் கழிவை என்ன செய்கிறீர்கள் என்று கேட்க நமக்கு உரிமையுண்டு. நிலத்தில் சிந்திவிட்டால் மணலையோ மரத்தூளையோ கொட்டி உறிஞ்சவிட்டு அள்ளவேண்டும்; தண்ணீர் விட்டுக் கழுவினால் கானுக்குள்தான் போகும்.

சென்ற மாதம் வானுக்குக் கூலன்ட் மாற்றும் தவணை வந்தது. இம்முறை கம்பளைக்குக் கொண்டுபோனேன். வடித்தெடுத்த திரவத்தை அவர்கள் ஒரு பீப்பாவில் ஊற்றி மூடும்வரை நின்று பார்த்துவிட்டே திரும்பினேன். அந்த அம்மாவின் வீட்டில் இப்போது ஒரு குட்டி நாய் வளர்கிறது. நான் வாங்கிக் கொடுக்க முன்வந்தபோது மறுத்துவிட்டு, லயத்திலிருந்து அவரே தூக்கிவந்தது. அது எங்கள் பக்கம் வந்தால் உடனே கூப்பிட்டுக்கொள்கிறார். அதில் எனக்கு வருத்தமில்லை. அவர் செய்வது சரி.

கனடாவிலும் நோர்வேயிலும் இலண்டனிலும் இருந்து இந்தப் பக்கத்தை வாசிக்கும் அன்பர்களே, உங்கள் வீட்டுக் கராஜுகளில் பனிக்காலத்துக்கென இந்தத் திரவம் ஆண்டு முழுவதும் இருக்கும். எனக்கொரு உதவி செய்யுங்கள். இதை வாசித்து முடித்ததும் எழுந்துபோய், அந்தப் போத்தல் எந்தத் தட்டில் நிற்கிறது, அதன் மூடி இறுகியிருக்கிறதா, நிலத்தில் ஏதும் கசிந்திருக்கிறதா என்று ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள்.